ஆடல் மகளிர் நூல்களும் மறைக்கப்பட்ட தாய்வழியும்

ஒருவர் பெயருக்கு முன்னே நிற்கும் எழுத்து மிகச் சிறியது. ஆயினும் அஃது உரைக்கும் செய்தி பெரிது. மலேசிய நாட்டில் ஒரு தமிழ்ப் பெண்ணின் பெயரை எழுதுவோர், பொதுவாக, இன்னார் மகள் என்று தந்தையின் பெயரைச் சேர்த்தே எழுதுவர். பள்ளிச் சேர்க்கைப் பதிவேடு முதல் அடையாள அட்டை வரை வழங்கும் முறை அதுவே. ஆனால் இசையுலகம் முழுவதும் அறிந்த ‘எம்.எஸ்.’ என்னும் ஈரெழுத்தில் தந்தையின் பெயர் இல்லை. மதுரை என்னும் ஊர்ப் பெயரும், சண்முகவடிவு என்னும் தாயின் பெயருமே அவ்விரண்டு எழுத்துகள். சுப்புலட்சுமியின் தாயார் வீணை வல்லவர். பாட்டியார் அக்கம்மாள் வயலின் வாசித்தவர். எத்தனையோ மேடைகளில் அந்தப் பெயர் அறிவிக்கப்பட்டது. ஒவ்வொரு முறையும் தாயின் பெயர் முன்னே சென்றது. கேட்டோருள் அதனை உணர்ந்தவர் சிலரே.

ஆடலும் பாடலும் குடித்தொழிலாக விளங்கிய இக்குடும்பங்களில் வழிவழியாகக் கணக்கிடப்பட்டது தாய்வழியே. வீடும் தாய்வழி, வித்தையும் பெரும்பாலும் தாய்வழி. இக்குடும்பங்களைப் பொருளாகக் கொண்டு தமிழில் காப்பியம் உண்டு, நாவல் உண்டு, வரலாறும் உண்டு. இவற்றுட் பல ஆடலைப் புகழ்கின்றன. ஆடுபவளின் அழகைப் புகழ்கின்றன. அவளுடைய கற்பையும் உறுதியையும் புகழ்கின்றன. அவளைப் பெற்று வளர்த்துக் கலையைக் கையளித்த தாயை என்ன செய்தன? சில நூல்கள் அவளைப் பழித்தன, சில மறைத்தன, சில அவள் இருந்ததையே மறந்தன. அவளை வாய்திறந்து பேசவிட்ட நூல்கள் மிகச் சிலவே. இந்நூல்களின் தகுதியை அளப்பதற்குரிய உரைகல் இதுவே எனலாம்.

சித்திராபதியின் வழக்கு

ஆடல் மகளின் வாழ்வைப் பேசும் தமிழ் நூல்களுள் முதலிடம் இரட்டைக் காப்பியங்களுக்கே உரியது. ஐந்தாம் வயதில் தொடங்கி, ஏழாண்டு பயின்று, பன்னிரண்டாம் வயதில் அரங்கேறிய மாதவி, அரசனிடம் தலைக்கோல் பட்டமும் 1,008 கழஞ்சு பொன் பெறும் மாலையும் பெற்றாள் என்கிறது சிலம்பு. ஆடலாசான், இசையாசான், தண்ணுமையாசான், குழலாசான், யாழாசான் ஆகியோரின் இலக்கணங்களை இளங்கோவடிகள் வரிசையாக விரிக்கிறார். ஐந்து வயதுக் குழந்தையை அப்பயிற்சிக்கு அனுப்பிய தாய் அங்கே முன்னிற்கவில்லை.

அத்தாய்க்குப் பெயரும் நாவும் கொடுத்து நிறுத்தியவர் சாத்தனார். மணிமேகலைக் காப்பியத்தின் தொடக்கத்திலேயே சித்திராபதி வருகிறாள். மகள் மாதவி துறவு பூண்டதை ஊரார் தூற்றுவது கேட்டு உள்ளம் நொந்து, வசந்தமாலையைத் தூது விடுக்கிறாள். மாதவி சொல்லும் மறுமொழி ஆழ்ந்து எண்ணத்தக்கது. தான் பெற்ற மணிமேகலையைத் தன் மகள் என்று அவள் கூறவில்லை. பத்தினியாகிய கண்ணகியின் மகள் என்கிறாள். அத்தகையவள் கணிகையர் தொழிலுக்கு வாராள் என்பது அவள் முடிவு.

இதனைப் பொய் என்று தள்ளுதல் கூடாது. மகளை ஒரு தொழிலினின்று விடுவிக்க வேண்டுமாயின், அவளைத் தன் வழியினின்றே விடுவிக்க வேண்டும் என்பதை மாதவி உணர்ந்திருந்தாள். அதற்கு அவள் கொடுத்த விலை, தாய் என்னும் தன் உரிமை. ஆடல் மகள் ஒருத்தி தன் தாய்வழியைத் தானே ஒதுக்கிவைத்துப் பேசும் பழைய இடம் இது. பின்னாளில் எத்தனையோ வீடுகளில் வாய்விட்டுச் சொல்லப்படாமலே நிகழ்ந்த செயலும் இதுவே அன்றோ?

சாத்தனார் புத்த சமயத்தை நிலைநாட்ட எழுதியவர். அவருடைய நெஞ்சம் முழுதும் துறவின் பக்கமே நிற்கிறது. ஆயினும் சித்திராபதியின் வாயை அவர் அடைக்கவில்லை. கூத்தியர் நடுவே அவள் சூளுரைக்கிறாள். உதயகுமரனிடம் சென்று தன் குலத்தின் நடைமுறையை எடுத்துரைக்கிறாள். அவள் கூற்றைக் கற்போர் ஏற்க வேண்டுவதில்லை. ஆனால் அவள் பக்கத்து வழக்கு என்ன என்பது கற்போர்க்குத் தெரிகிறது. இரு பக்கமும் கேட்டபின் தீர்ப்புரைப்பது நீதிமன்றத்துக்கு மட்டுமன்றி இலக்கியத்துக்கும் முறை. இம்முறையைப் பிற்கால நூல்கள் எத்துணைக் கைக்கொண்டன என்பதே இனி ஆராயத்தக்கது.

விடுபட்ட முன்னுரைப் பாடல்கள்

நூலினின்றே தாய்வழி நீக்கப்பட்ட கதை ஒன்று தஞ்சையைச் சார்ந்தது. மராட்டிய மன்னர் பிரதாபசிம்மரின் அவையில், 18ஆம் நூற்றாண்டில் விளங்கிய முத்துப்பழனி என்னும் கணிகைப் புலவர், தெலுங்கில் ‘ராதிகா சாந்தவனம்’ என்னும் காவியம் இயற்றினார். ஆண் புலவர் தம் ஆசிரியரையும் குலத்தையும் கூறுவதுபோல், அவர் தம் பாட்டியின் பெயரையும் நூலின் முன்னுரைப் பாடல்களில் வைத்தார். பின்னாளில் வந்த அச்சுப் பதிப்பு ஒன்றிலோ அம்முன்னுரைப் பகுதியும் வேறு சில பாடல்களும் விடுபட்டிருந்தன.

இக்குறையைக் கண்டு, முழு நூலையும் 1910ஆம் ஆண்டில் வெளியிட்டவர் பெங்களூர் நாகரத்தினம்மாள். திருவையாற்றில் தியாகராசர் நினைவிடத்தை எழுப்பியவர் என்று இசையன்பர் போற்றும் அம்மையாரே அவர். முத்துப்பழனியின் மரபைச் சேர்ந்த ஒருவர், தம் மரபின் நூலைத் தாமே பதிப்பித்தார். 1911இல் அரசினர் அதனை ஆபாசம் என்று தடை செய்தனர். தடை நீங்கியது 1947இல். காமச் சுவை மிக்க நூல்களை ஆண் புலவரும் எழுதியுள்ளனர். அவற்றைப் பெரியோர் பலர் பதிப்பித்தும் உள்ளனர். ஆகவே இங்கே உறுத்தியது பொருள் மட்டுமன்று; எழுதியவள் யார், எவ்வழி வந்தவள் என்பதும் உறுத்தியது என்று கொள்ள இடமுண்டு. பாட்டியின் பெயர் ஒருமுறை பதிப்பிலிருந்து விழுந்தது. மறுமுறை நூலே விழுந்தது.

வலையின் உள்ளிருந்து வந்த குரல்

தாய்வழியைப் புகழ்வதே நேர்மை என்று இதனால் முடிவு கட்டிவிடலாகாது. அதற்குச் சான்று மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் 1936இல் வெளியிட்ட ‘தாசிகள் மோசவலை அல்லது மதிபெற்ற மைனர்’ என்னும் நாவல். 1883இல் பிறந்த அம்மையார், இளமையிலேயே குடும்ப வறுமை காரணமாகத் தாசிக் குடும்பம் ஒன்றில் ஒப்படைக்கப்பட்டவர். தமக்கு இசை கற்பித்த ஆசிரியரையே மணந்து அவ்வாழ்வை விட்டு வெளியேறியவர். காங்கிரசிலும், பின்னர்ச் சுயமரியாதை இயக்கத்திலும் உழைத்து, பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிக்க ஊர் ஊராகப் பேசியவர். 1962இல் மறைந்தார்.

இந்நாவலைக் கலைநயம் தேடிப் படிப்போர் ஏமாற்றம் அடைவர். உரையாடல்கள் மேடைச் சொற்பொழிவுகளாக நீளுகின்றன. நல்லவர் முற்றும் நல்லவர். தீயவர் முற்றும் தீயவர். பெயர்களே குணங்களைப் பறைசாற்றுகின்றன. ஆனால் வேறெந்த நாவலாசிரியரிடத்தும் இல்லாத ஒன்று இவரிடம் உண்டு. வீட்டின் உட்புறம் அவருக்குத் தெரியும். பணம் எப்படிப் பறிக்கப்படுகிறது, பெண் குழந்தை எப்படிப் பழக்கப்படுகிறாள், தாய்க்கிழவி எந்தச் சொல்லால் எவரை வளைப்பாள் என்பனவற்றை அவர் செவிவழிச் செய்தியாகக் கேட்டு எழுதவில்லை. வறுமை மிக்க வீடுகளிலிருந்து பெண் மகவைப் பெற்றுத் தம் மகளாக வளர்க்கும் வழக்கம் இருந்ததால், ‘தாய்’ என்னும் சொல்லே அங்கே இருபொருள்பட நின்றது. பெற்ற தாய் கைவிட்டாள். வளர்த்த தாய் விற்க நினைத்தாள். இதனை அனுபவித்த ஒருவர், தாய்வழியின் பெருமை பாடுவார் என எதிர்பார்ப்பது அறமாகாது.

அதே காலத்தில், இசைவேளாளர் மரபில் வந்த சந்திரம்மாளின் மகளாகிய மருத்துவர் முத்துலட்சுமி ரெட்டி, சென்னைச் சட்டமன்றத்தில் இவ்வழக்கத்துக்கு எதிராகக் குரல் எழுப்பினார். சென்னைத் தேவதாசியர் பலர் அதனை எதிர்த்தனர். நாகரத்தினம்மாளும் எதிர்த்தோர் பக்கமே நின்றார். கலையும் சொத்துரிமையும் பறிபோகும் என்பது அவர்தம் அச்சம். ஒரே மரபின் மகளிர் இரு கூறாக நின்று வாதிட்ட அந்த வழக்கில் எவரும் வேடிக்கை பார்ப்பவராக இல்லை. எல்லோரும் தத்தம் வாழ்வையே பணயமாக வைத்துப் பேசினர். 1947ஆம் ஆண்டு அக்டோபரில் சென்னை மாகாணத்தில் பொட்டுக்கட்டுதலைத் தடுக்கும் சட்டம் நிறைவேறியது.

தாயில்லாத சிவகாமி

இந்த வாதங்கள் ஓயாதிருந்த வேளையில் எழுதப்பட்டதே கல்கியின் ‘சிவகாமியின் சபதம்’. 1944 முதல் 1946 வரை ‘கல்கி’ இதழில் தொடராக வந்து, தமிழ் வாசகரைக் கட்டிப்போட்ட நாவல் அது. ஆடல் அரசி ஒருத்தியை வரலாற்று நாவலின் நடுவிடத்தில் நிறுத்தி, அவளுக்காக ஒரு பேரரசே படையெடுப்பதாகக் காட்டியது சிறு செயலன்று. ஆடற்கலையின்மேல் மக்களுக்கு மதிப்பு ஏற்பட அந்நூல் செய்த உதவியை மறுத்தல் நன்றி கொன்றதாகும்.

ஆயினும் ஒரு வினா எழுகிறது. சிவகாமியின் தாய் எங்கே? அவள் ஆயனச் சிற்பியின் மகள். தந்தையின் நிழலில் காட்டு வீட்டில் வளர்கிறாள். அவள் காட்டும் நிலைகள் தந்தையின் உளியால் கல்லில் உயிர்பெறுகின்றன. கலை தந்தையிடமிருந்தே மகளுக்கு வருகிறது. மாதவிக்கு ஒரு சித்திராபதி இருந்தாள். சிவகாமிக்கு அவ்வாறு எவரும் இல்லை. குடும்ப மறைபொருள் அந்நாவலில் இல்லாமலும் இல்லை. நாகநந்தியடிகளும் புலிகேசியும் உருவொத்த உடன்பிறந்தோர் என்னும் செய்தி கதையையே திருப்பும் பெரு மறைபொருள். ஆனால் அஃது அரச குலத்து ஆடவரின் மறைபொருள். ஆடல் மகளின் குலம் எது என்று நாவலில் எவரும் கேட்பதில்லை. அவ்வினா எழாதவாறு கதை அமைந்துவிட்டது.

காரணம் காலத்தில் உண்டு. 1931இல் தஞ்சைக் கல்யாணியின் மகளிர் இருவர் சென்னை இசைக்கழக மேடையில் ஆடினர். 1936இல் ருக்மிணி தேவி கலாசேத்திரத்தை நிறுவினார். சதிர் என்று வழங்கிய கலை பரதநாட்டியம் என்னும் பெயரில் நடுத்தர வகுப்பினரின் வீடுகளுக்குள் புகுந்தது. தம் மகளிரை ஆடல் பயில அனுப்பத் தொடங்கிய வாசகர்க்கு, கலை வேண்டியிருந்தது; கலை வந்த வழி வேண்டியிருக்கவில்லை. தாயில்லாத சிவகாமி அவர்கள் உள்ளத்துக்கு உகந்த நாயகியானாள்.

முடிவோ இன்னும் கூர்ந்து நோக்கத்தக்கது. மாமல்லனை அடைய முடியாத சிவகாமி, ஏகாம்பரநாதரையே கணவராக வரித்து, திருமாங்கல்யம் பூண்டு சந்நிதியில் ஆடுகிறாள். படிப்போர் கண்கலங்கும் கட்டம் அது. ஆனால் இறைவன் பெயரால் தாலி பூணும் அச்சடங்கின் நடைமுறை உருவத்தையே அடுத்த ஆண்டில் சட்டம் விலக்கியது. சிவகாமி அறிவறிந்த பருவத்தில் தானே தேர்ந்து செய்தாள். பொட்டுக்கட்டப்பட்ட சிறுமியர்க்கோ தேரும் உரிமை இருந்ததில்லை. இவ்வேறுபாட்டைச் சுட்டாமல் அந்த அத்தியாயத்தை வகுப்பில் படித்துக் காட்டும் ஆசிரியர், அழகைக் கற்பித்து உண்மையை விட்டவர் ஆவார்.

வடிவாம்பாளும் ஜயம்மாளும்

பின்னர் 1950களின் இறுதியில் ‘ஆனந்த விகட’னில் தொடராக வந்தது ‘தில்லானா மோகனாம்பாள்’. கொத்தமங்கலம் சுப்பு ‘கலைமணி’ என்னும் பெயரில் எழுதி, கோபுலு ஓவியம் தீட்டிய நாவல். 1968இல் ஏ. பி. நாகராசன் அதனைத் திரைப்படமாக்கிய பின், கதை அறியாத தமிழர் இலர். தோட்டத் திடல்களில் திரை கட்டிப் படம் காட்டிய காலத்தில் வளர்ந்தோர்க்கு நாகசுரம் என்றால் சிக்கல் சண்முகசுந்தரம், நாட்டியம் என்றால் மோகனாம்பாள்.

கல்கி விட்ட இடத்தைச் சுப்பு நிரப்பினார். பெரியமேளமும் சின்னமேளமும், நட்டுவனாரும் பக்கவாத்தியக்காரரும், செல்வரும் தரகரும் நிறைந்த உலகை அவர் நன்கு அறிந்திருந்தார். அந்த உலகில் தாய் இல்லாமல் முடியாது. ஆகவே வடிவாம்பாள் வருகிறாள். ஆனால் எப்படி வருகிறாள்? செல்வர் வீட்டு வண்டியைக் கண்டால் முகம் மலர்பவளாக, மகளின் காதலுக்குக் குறுக்கே நிற்பவளாக, சவடால் வைத்தியின் சொல்லுக்குச் செவி சாய்ப்பவளாக வருகிறாள். மகள் தூயவள், தாய் பேராசைக்காரி. மகள் தாயை மீறித் திருமணம் என்னும் கரை சேர்வதே கதையின் நிறைவு.

இராமாமிர்தம் அம்மையாரின் தாய்க்கிழவியும் இவ்வாறே பழிக்கப்பட்டாள் என்று கூறலாம். ஆனால் அம்மையார் பழித்தது வழக்கத்தை. அவ்வழக்கத்தை வளர்த்த மைனர்களையும் அவர் விடவில்லை. நூலின் தலைப்பிலேயே நிறுத்தினார். சுப்புவின் நாவலிலோ வழக்கம் நகைச்சுவையாகிவிடுகிறது. குற்றம் தாயின் தலையில் தங்கிவிடுகிறது. பல தலைமுறையாகக் கோயில் மானியமும் அவைச் சிறப்பும் இழந்து, சட்டத்தாலும் ஊராராலும் நெருக்குண்ட ஒரு தாய், முதுமைக்கு என்ன வழி என்று அஞ்சுவதில் வியப்பில்லை. அவ்வச்சத்தை அவள் வாயாலேயே முழுமையாகச் சொல்ல விட்டிருந்தால், வடிவாம்பாள் சித்திராபதிக்கு நிகரான பாத்திரமாகியிருப்பாள்.

நாவல்கள் காட்டாத தாயை வாழ்க்கை வரலாறு காட்டியது. பாலசரசுவதியின் மருமகன் டக்ளசு நைட் ஆங்கிலத்தில் எழுதி 2010இல் வெளியான ‘பாலசரசுவதி: அவருடைய கலையும் வாழ்வும்’ என்னும் நூல், தஞ்சை அரசவையில் தொடங்கிய ஒரு குடும்பத்தைத் தலைமுறை தலைமுறையாக வரிசைப்படுத்துகிறது. காமாட்சியம்மாள், சுந்தரம்மாள், வீணை தனம்மாள், ஜயம்மாள், பாலசரசுவதி, இலட்சுமி என அவ்வரிசை பெண் பெயர்களாலேயே செல்கிறது. ஆடலைப் பற்றிய பழிச்சொல் ஓங்கியிருந்த காலத்தில், உறவினர் தயங்கவும், மகளைக் கந்தப்பரிடம் ஆடல் பயிலவிட்டவர் ஜயம்மாள். 1925இல் காஞ்சிபுரத்துக் கோயிலில் ஏழு வயதுச் சிறுமியாகப் பாலசரசுவதி அரங்கேறினார். பின்னாளில் மகளின் ஆட்டத்துக்குப் பாடியவரும் அத்தாயே. மகள் கண்ணசைவில் ஒரு பாவத்தைப் பலவாறு விரிக்க, தாய் அதே அடியைப் பலவாறு பாடினார். ஒருவரை நீக்கினால் மற்றவரின் கலை விளங்காது.

வடிவாம்பாளை மட்டுமே அறிந்தவர்க்கு ஜயம்மாள் புதியவர். குடும்பத்தைச் சேர்ந்தவர் எழுதிய நூலாதலின் அதில் அன்பு மிகுதி. இராமாமிர்தம் அம்மையார் கண்ட இருளுக்கு அதில் இடம் குறைவு. ஆகவே இரு நூல்களையும் அருகருகே வைத்துப் படித்தலே நேரிது. 2004இல் டி. ஜே. எஸ். ஜார்ச்சு எழுதிய எம்.எஸ். வரலாறும் இவ்வகையில் துணிவுடையது. பல காலம் பேசப்படாதிருந்த பிறப்பையும் இளமையையும் தாய் சண்முகவடிவின் கண்டிப்பையும் அது வெளிப்படப் பேசியது. உண்மை வெளிப்பட்டதால் அந்த இசையின் பெருமை ஓர் அணுவும் குறையவில்லை. தமிழிலேயே பி. எம். சுந்தரம் தொகுத்த ‘மரபு தந்த மாணிக்கங்கள்’, பழைய பரம்பரை ஆடல் மகளிரைப் பெயர் பெயராக நிறுத்தி, பெயரற்ற ‘தாசி’ என்னும் ஒரே சொல்லுக்குள் புதைந்தோரை மீட்டுத் தருகிறது.

பெயர் சொல்லிக் கற்பித்தல்

வட சிலாங்கூரின் இரப்பர், செம்பனைத் தோட்டங்களிலிருந்து புக்கிட் செந்தோசா போன்ற புதுக் குடியிருப்புகளுக்குப் பெயர்ந்த குடும்பங்களின் பெண் மக்கள் இன்று சலங்கை கட்டுகின்றனர். பள்ளி விழா என்றால் ஒரு பரதநாட்டியமேனும் இல்லாமல் நிறைவதில்லை. அறிவிப்பாளர் அதனை ஈராயிரம் ஆண்டுப் பழங்கலை என்பார். அவ்வீராயிரம் ஆண்டும் அக்கலையைக் காத்தவர் யார் என்பதை மேடையில் எவரும் கூறுவதில்லை. இலக்கிய வகுப்பிலும் மாதவி பெரும்பாலும் கண்ணகிக்கு எதிர்நிலையாகவே நிற்கிறாள்; சித்திராபதி ஒரு வரியில் கடந்து போகிறாள்.

கடல் கடந்து வந்த குடும்பங்களிலும் சொல்லாமல் விடப்பட்டவை பலவுண்டு. எந்த ஊர், எந்தக் கடன், எவரை விட்டு எவர் வந்தார் என்பவற்றை முதல் தலைமுறை நெஞ்சிலேயே வைத்து மறைந்தது. ஆவணங்களில் தந்தையின் பெயர் வழிவழியாக நிலைத்தது. மங்குக்கோப்பையும் பால்வாளியும் சுமந்து மரம் சீவிய பாட்டியின் பெயரோ பல வீடுகளில் பேரப்பிள்ளைகளுக்குத் தெரியாது. ஆகவே ஆடல் மகளிரின் தாய்வழியைப் பற்றிய இந்த ஆராய்ச்சி வேற்றூர்ச் செய்தியன்று.

மறைபொருளை அம்பலப்படுத்துவதே இலக்கியத்தின் தொழில் என்பது இதன் கருத்தன்று. ஒருவர் பிறப்பைக் கிளறிப் பழிப்பது அறமுமன்று. ஆனால் ஒரு கலையைப் போற்றிவிட்டு, அதனைக் கையளித்தவளின் பெயரை மட்டும் வெட்கத்தோடு விட்டுவிடும் நூல் பாதி நூலே. அவளைப் பொன்னாக மெருகிடும் நூலும், பேயாக வரையும் நூலும் மறுபாதியை நிரப்பமாட்டா. அவள் பட்ட துன்பமும், அவள் செய்த பிழையும், அவள் காத்த வித்தையும் அவள் வாயாலேயே கேட்கப்படல் வேண்டும். தம் கொள்கைக்கு மாறாக நின்ற சித்திராபதியையும் பேசவிட்ட சாத்தனார் காட்டிய வழி அது. அவ்வழியில் எழுதப்படும் நூலே ஆடல் மகளுக்கு உரிய நூலாகும். அவ்வழியில் கற்பிக்கப்படும் பாடமே, சலங்கை கட்டும் சிறுமிக்குத் தன் காலில் ஒலிப்பது எவர் தந்த செல்வம் என்பதை உணர்த்தும்.